முள்ளம்பன்றி பின்பக்கமாக வந்தால்

எழுந்ததும் போர்வையை மடிப்பான். ஒரு போர்வைதான், மடிக்க நேரம் ஆகாது. வாசலில் கிடக்கும் பால் பாக்கெட்டை எடுத்து வந்து காய்ச்சுவான். பால் பொங்குவதற்குள் சவரம் செய்துகொண்டுவிடலாம் என்று தினமும் நினைப்பான். பாதி நாட்கள் பால் முந்திக்கொள்ளும். அடுப்பைத் துடைப்பான். இரண்டு டம்ளரில் டீ ஊற்றுவான். ஒன்று அவனுக்கு. இன்னொன்று அத்தைக்கு.

அத்தை அவன் மாமியார். மகள் போன பிறகு தன் வீட்டைப் பூட்டிவிட்டு, தையல் மிஷினை ஒரு வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்து இந்த வீட்டின் முன்னறையில் இறக்கினார். யாரும் வரச் சொல்லவில்லை. யாரும் வேண்டாம் என்றும் சொல்லவில்லை. பள்ளிக்கூடங்களுக்கு யூனிஃபார்ம் தைப்பது அவர் தொழில். காலையில் அவன் டீயோடு போகும்போது மிஷின் ஓடிக்கொண்டிருக்கும்.

"சூடா இருக்கு அத்தை."

"வையுங்க மாப்பிள்ளை."

காலைப் பேச்சு அவ்வளவுதான். பிறகு இரண்டு துண்டு ரொட்டி, கோட்டு, சைக்கிள். பஸ் டிப்போவுக்குப் பின்னால் ஒரு மேடு, அதன் மேல் வானிலை நிலையம். நிலையம் என்றால் இரண்டு அறையும் ஒரு புல்தரையும். புல்தரை நடுவில் நாலு காலில் நிற்கும் வெள்ளை மரப்பெட்டி. அதற்குள் வெப்பமானிகள். கதவைத் திறந்ததும் மூச்சை அடக்கிக்கொள்ள வேண்டும். மூச்சுக்காற்று பட்டால் பாதரசம் பொய் சொல்லும். அவன் கதவைத் திறப்பதற்கு முன்னால் ஒரு கணம் நின்று, வாய்க்குள் ஒரு வாக்கியத்தைச் சொல்லிப் பார்ப்பான். சொல் எதுவும் உதிராமல் முழுதாக வந்ததும், மூச்சை அடக்கிக் கதவைத் திறப்பான். படிப்பான். குறித்துக்கொள்வான்.

அந்த வாக்கியம் அவன் மனைவி கடைசியாகச் சொன்னது. அவனைத் தவிர அது யாருக்கும் தெரியாது. ஊருக்குத் தெரிந்த வாக்கியம் வேறு.

குளிர் போகுமா போகாதா என்பதை இந்த ஊரில் முள்ளம்பன்றிதான் சொல்லும். நகராட்சி விலங்குப் பூங்காவில் அதற்கென்று கல் அடுக்கிய ஒரு வளை இருக்கிறது. குளிர் உச்சத்தில் இருக்கும் மாதத்தின் கடைசி ஞாயிற்றுக்கிழமை, வெயில் எட்டிப் பார்க்கும் நேரத்தில், வளையின் வாயை அடைத்திருக்கும் பலகையைத் தூக்குவார்கள். மூக்கை நீட்டிக்கொண்டு முன்பக்கமாக வந்தால் குளிர் கிளம்பிவிட்டது என்று பொருள். கம்பளியைப் பெட்டிக்குள் வைத்துவிடலாம். முள்ளைச் சிலிர்த்துக்கொண்டு பின்பக்கமாக வந்தால் இன்னும் ஒரு மாதம் பல்லைக் கடித்துக்கொண்டு கிடக்க வேண்டும். எத்தனையோ முள்ளம்பன்றிகள் மாறிவிட்டன. பெயர் மட்டும் மாறவில்லை. எல்லாவற்றுக்கும் பெயர் பெரியவர்.

பெரியவர் சொன்னால் ஊர் நம்பும். நிலையம் சொன்னால் சிரிக்கும். டீக்கடைக்காரர் அவனைக் கண்டால் விடமாட்டார்.

"சார், உங்க ஆபீஸ் இன்னிக்கு என்ன சொல்லுது? மழை இல்லைன்னா? சரி, அந்தக் குடையை எடுத்து வைடா."

அவளைக் கட்டிக்கொண்ட பிறகு கிண்டல் இரட்டிப்பானது. அவள் விலங்கியல் படித்துவிட்டுப் பூங்காவில் சிறு விலங்குகளுக்குப் பொறுப்பாளராக இருந்தாள். புருஷன் வானிலை, பெண்டாட்டி பன்றி. ரெண்டு சம்பளம் வாங்கிக்கிட்டு ஒரே ஜோசியம் என்பார் டீக்கடைக்காரர். அவருக்குத் தெரியாமலே உண்மையைச் சொல்லிக்கொண்டிருந்தார்.

வேலைக்குச் சேர்ந்த முதல் வருஷமே அவள் கண்டுபிடித்துவிட்டாள். முள்ளம்பன்றிக்குப் பயம் வந்தால் முதுகைக் காட்டும். முள் எல்லாம் அங்கேதான் இருக்கிறது. வளையின் வாயருகே ஆள் நின்றால் உள்ளேயே திரும்பிக்கொண்டு பின்பக்கமாக வரும். ஆள் தள்ளி நின்றால், சர்க்கரைவள்ளிக் கிழங்கு வாசனைக்கு மூக்கை நீட்டிக்கொண்டு வரும். கூட்டத்தை மறிக்கக் கட்டும் கயிறு எங்கே இருக்கிறது என்பதுதான் விஷயம். குளிருக்கும் அதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை.

கல்யாணமான வருஷம், அந்த ஞாயிற்றுக்கு முந்தின நாள், தட்டைக் கழுவிக்கொண்டே கேட்டாள்.

"டேய், உங்க ஆபீஸ் என்ன சொல்லுது?"

"இன்னொரு குளிர் அலை வருது. இப்போதைக்கு விடாது."

"அப்ப கயித்தைக் கிட்டக் கட்டிடறேன்."

அவன் கையிலிருந்த துணியைக் கீழே வைத்தான். "இது மோசடி."

"தப்பா சொன்னாத்தான் மோசடி. நீ கணக்குப் போட்டுச் சரியாச் சொல்றே, உன்னை ஒரு பய நம்ப மாட்டேங்கறான். பெரியவரை நம்பறான். நீ சொல்றதை அவர் வாயால சொல்ல வைக்கறேன். வாயாலகூட இல்ல, பின்பக்கத்தால."

அந்த வருஷம் பின்பக்கமாக வந்தது, குளிர் விடவில்லை. அடுத்த வருஷம் முன்பக்கமாக வந்தது; ஒரே வாரத்தில் வெயில் சுட்டது. அதிலிருந்து பெரியவர் சொல் தவறியதே இல்லை. பக்கத்து ஊர்களிலிருந்தெல்லாம் கூட்டம் வர ஆரம்பித்தது. டீக்கடைக்காரர் சொன்னார்: "பெரியவர்கிட்ட டியூஷன் போங்க சார். வீட்டுக்காரம்மா சொன்னா ஃபீஸ் வாங்க மாட்டாரு." அவன் தலையைக் குனிந்துகொண்டு டீ குடித்தான். வீட்டுக்கு வந்து அவளிடம் சொன்னான். அவள் சிரித்துச் சிரித்துத் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

போன வருஷம் அவளுக்குச் சளி பிடித்தது. சளி நெஞ்சுக்கு இறங்கியது. ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். சின்ன வயசு, தேறிவிடுவாள் என்றார்கள். சனிக்கிழமை சாயங்காலம் மூச்சுக் குழாய் போட வேண்டும் என்றார்கள். போடுவதற்கு முன்னால் அவள் அவனிடம் ஒரு வாக்கியம் சொன்னாள். ஒரு சின்ன வேலை. அதை அவன் செய்து முடிப்பதற்குள் நர்ஸ் அவனை வெளியே போகச் சொன்னாள். ஞாயிறு விடிவதற்குள் முடிந்துவிட்டது. பூங்காவில் அன்று பலகையைத் தூக்கினார்கள். பெரியவர் முன்பக்கமாக வந்தாராம். அந்த வாரமே குளிர் விட்டது.

இவ்வளவுதான் நடந்தது. ஊர் சொல்வது இதில்லை.

இந்தக் குளிர்காலத்தில் ஒரு கல்லூரி ஆசிரியை வீட்டுக்கு வந்தார். நாட்டுப்புறவியல் சொல்லித் தருபவர். இந்த முள்ளம்பன்றி வழக்கம் எங்கே தொடங்கியது என்று தேடிக்கொண்டிருந்தார். செல்ஃபோனில் பதிவுப் பொத்தானை அழுத்தி, தையல் மிஷின் மேல் வெட்டின துணிக்குப் பக்கத்தில் வைத்தார். அவன் சமையலறையில் நின்றிருந்தான். கதவு திறந்திருந்தது.

"அந்தக் காலத்துல ஒரு பெரிய குளிர் வந்துச்சாம்," என்று அத்தை ஆரம்பித்தார். "விறகெல்லாம் தீந்து போச்சு. ஒரு தாய் பிள்ளையை முதுகுல கட்டிக்கிட்டுக் காட்டுக்குப் போனா. சுள்ளி கிடைக்கல. ஒரு வளைக்குள்ள முள்ளம்பன்றி இருந்துச்சு. என் பிள்ளைக்காக ஒரு வழி சொல்லுன்னு அழுதா. அது முகத்தைக் காட்டிச்சுன்னா வீட்டுக்குப் போ, குளிர் முடிஞ்சிடும்னு அர்த்தம். முதுகைக் காட்டிச்சுன்னா என் முள்ளைப் பிடுங்கி எரிச்சுக் குளிர் காய்னு அர்த்தம்."

"அன்னிக்கு எதைக் காட்டுச்சு?"

"அதை யாரும் சொல்லலியே," என்றார் அத்தை.

ஆசிரியை சிரித்தார். "பூங்கா மேனேஜர் வேற சொன்னார். ராஜா வேட்டைக்குப் போனாராம். அம்பு தீந்ததும் முள்ளம்பன்றி முள் குடுத்துச்சாம்."

"ராஜாவுக்கு எதுக்குங்க குளிரப் போகுது? அந்தாளுக்குக் கதையே சொல்ல வராது."

அவனுக்கு மூன்றாவது ஒன்று தெரியும். அவள் விசாரித்து வந்து சொன்னது. பூங்கா திறந்த புதிதில், குளிர் முடியும் சமயம் வளையைக் கழுவ வருஷம் ஒருமுறை பலகையைத் தூக்குவார்களாம். ஒரு வருஷம் கழுவுகிறவன் வாளியோடு வாயருகே போய் நின்றிருக்கிறான். முள்ளம்பன்றி பின்பக்கத்தைக் காட்டியிருக்கிறது. வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்த வாட்ச்மேன், "பன்னியே வெளிய வர மாட்டேங்குது, இன்னும் குளிரும் போல" என்றிருக்கிறான். பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். அந்த வருஷம் குளிர்ந்தும் விட்டது. அடுத்த வருஷம் நாலு பேர் பார்க்க வந்தார்கள். அவ்வளவுதான் தொடக்கம். ஒரு வாளி, ஒரு வேலையத்த வாட்ச்மேன். தாயும் பிள்ளையும் பிறகு வந்து சேர்ந்துகொண்டார்கள். "யாருக்குமே வாளி பிடிக்கலடா, அதான்" என்றாள் அவள்.

"இப்ப என் மகளையும் அதுல சேர்த்துக்கங்க," என்று அத்தை சொன்னது கேட்டது. மிஷின் சக்கரத்தின் மேல் அவர் கை இருந்தது. "சாகப் போறோம்னு தெரிஞ்சுபோச்சு அவளுக்கு. மாப்பிள்ளை கையைப் பிடிச்சுக்கிட்டா. 'என்னங்க, அது முன்னாடி பார்த்துத்தான் வரும், நீங்க கவலைப்படாதீங்க' அப்படின்னா. அதான் கடைசி. அப்படியே வந்துச்சு, முன்னாடி பார்த்து."

"ஒருத்தர் என்கிட்ட, அவங்க அதைக் கட்டிப்பிடிச்சுக்கிட்டே உயிரை விட்டாங்கன்னார்."

"முள்ளம்பன்றியை யாருங்க கட்டிப்பிடிப்பா? புத்தி கெட்டவன் எவனாவது சொல்லியிருப்பான். நான் சொல்றதை எழுதுங்க. நான் பெத்தவ."

ஆசிரியை எழுந்து சமையலறை வாசலுக்கு வந்தார். குரலைத் தணித்துக்கொண்டார். "நீங்க பக்கத்துல இருந்தீங்களா சார்?"

"பால் பொங்குது," என்றான் அவன். அடுப்பில் எதுவும் இல்லை. ஆசிரியை அதைப் பார்த்தார். மேலே கேட்கவில்லை.

அந்த வாக்கியம் எங்கிருந்து வந்தது என்பதும் அவனுக்குத் தெரியும். அவள் போவதற்கு முந்தின வியாழக்கிழமை, ஆஸ்பத்திரியில் காய்ச்சலோடு படுத்திருந்தவள் அம்மாவிடம் சொன்னாள்: "இந்த வருஷம் முன்னாடி பார்த்துத்தான் வரும்மா. கயித்தைத் தள்ளிக் கட்டச் சொல்லித் தொப்பிக்கு ஃபோன் பண்ணிட்டேன்." தொப்பி என்பது அவளுடைய உதவியாளர், குளிரோ வெயிலோ தலையில் கம்பளித் தொப்பி இருக்கும். கயிறு என்ன, ஏன் தள்ளிக் கட்டுவது என்பதெல்லாம் அத்தைக்கு விளங்கவில்லை. விளங்காதது உதிர்ந்துபோனது. வியாழன் சனியாக நகர்ந்தது. அம்மாவிடம் சொன்னது புருஷனிடம் சொன்னதாக மாறியது. அவள், தன்னைப் பெற்றவள் எதிரில் தவிர, அவனை ஒருநாளும் "என்னங்க" என்று கூப்பிட்டதில்லை. அத்தைக்குத் தெரிந்தது அந்தக் குரல்தான். அத்தை பொய் சொல்லவில்லை. முதலில் ஒருத்தியிடம் சொன்னார், பிறகு நாலு பேரிடம் சொன்னார், பிறகு நாலு பேர் திரும்பி வந்து அத்தையிடமே சொன்னார்கள். அதன் பிறகு அதுதான் நடந்தது என்று ஆகிவிட்டது. அவனை யாரும் கேட்கவில்லை. பெண்டாட்டியைப் பறிகொடுத்தவனிடம் அதையெல்லாம் கேட்கக் கூடாது என்று நினைத்தார்கள்.

ஞாயிற்றுக்கு ஒரு வாரம் இருக்கும்போது பூங்கா மேனேஜர் வந்தார். பழம் வாங்கி வந்திருந்தார். உட்காரச் சொல்வதற்கு முன்பே உட்கார்ந்துகொண்டார்.

"இந்த வருஷம் பலகையை நீங்கதாம்மா தூக்கணும். கமிட்டியில முடிவு பண்ணியாச்சு. இன்னொண்ணு. பலகையைத் தூக்கறப்ப கூட்டம் மொத்தமும் சேர்ந்து மகள் சொன்ன வார்த்தையைச் சொல்றது. 'அது முன்னாடி பார்த்துத்தான் வரும், கவலைப்படாதீங்க.' வருஷா வருஷம். நாம போனாலும் இது நிக்கும்."

அத்தையின் முகம் நடுங்கியது. சந்தோஷம் அந்த முகத்தில் வந்து நாளாகியிருந்ததால் எங்கே நிற்பது என்று அதற்குத் தெரியவில்லை.

மேனேஜர் அவன் பக்கம் திரும்பினார். "வார்த்தை சரிதானே சார்? நீங்கதானே பக்கத்துல இருந்தீங்க."

அத்தை அவனைப் பார்த்தார். மிஷின் ஊசியில் நூல் கோக்கும்போது பார்ப்பது போல, கண்ணைச் சுருக்கிக்கொண்டு.

"அத்தை சொன்னா சரிதான்," என்றான்.

மறுநாள் காலை வெள்ளைப் பெட்டியின் முன்னால் நின்றான். வாய்க்குள் சொல்லிப் பார்த்தான். என்னங்க, அது முன்னாடி பார்த்துத்தான் வரும் என்று வந்தது. அவள் குரலில் வந்தது. நடுவில் அவள் இருமலும் இருந்தது. அவள் சொல்லாத வாக்கியத்தில் அவள் இருமினாள். அவன் நெடுநேரம் கதவைத் திறக்காமல் நின்றான். உண்மையான வாக்கியம் கடைசியில் வந்தது. ஆனால் அதில் ஒரு சொல் "தேடி"யா "எடுத்து"வா என்று சந்தேகமாக இருந்தது. தேடிதான் என்று முடிவு செய்தான். முடிவு செய்ய வேண்டியிருந்ததே, அதை அவனால் தாங்க முடியவில்லை. கூட்டம் முழுவதும் சேர்ந்து ஒரே குரலில் மற்றதைச் சொல்லிவிட்டால் தன்னிடம் இருப்பது எத்தனை நாள் நிற்கும் என்று நினைத்தான். பிறகு கதவைத் திறந்தான். மூச்சை அடக்க மறந்துவிட்டான். கொஞ்ச நேரம் காத்திருந்து மறுபடி படிக்க வேண்டியதாயிற்று.

சனிக்கிழமை தொப்பி நிலையத்துக்கே வந்துவிட்டார். தொப்பியைக் கழற்றாமல் காதைச் சொறிந்தார்.

"சார், கயிறு எங்க கட்டறது? மேடம்தான் ஒவ்வொரு வருஷமும் சொல்வாங்க. போன வருஷம்கூட ஆஸ்பத்திரியிலேருந்து ஃபோன் பண்ணினாங்க. கூட்டம் எவ்வளவு வரும்னு உங்க ஆபீஸ்லதான் கேட்டுச் சொல்றேன்னுவாங்க. உங்ககிட்ட கூட்டக் கணக்கெல்லாம் இருக்கா சார்?"

திரையில் வரைபடம் இருந்தது. கோடுகள் நெருங்கிக் கிடந்தன. இன்னொரு குளிர் அலை, போன வருஷங்களில் இல்லாத மாதிரி. அவள் இருந்தால் கேட்டிருப்பாள். அவன் சொல்லியிருப்பான். கிட்டக் கட்டிடறேன் என்றிருப்பாள். ஊருக்கு முன்கூட்டியே தெரிந்திருக்கும். விறகு வாங்கி வைத்திருப்பார்கள், குழாய்க்குச் சாக்கு சுற்றியிருப்பார்கள்.

முன்னறையில் அத்தை தனக்கென்று ஒரு சால்வைக்கு ஓரம் அடித்துக்கொண்டிருந்தது நினைவுக்கு வந்தது. நாளை போட்டுக்கொள்ள.

"தள்ளிக் கட்டுங்க," என்றான். "நல்லாத் தள்ளி."

"சரி சார்."

தொப்பி போன பிறகு அவன் திரையை அணைத்தான். கல்யாணமானதிலிருந்து பெரியவர் சொன்னதெல்லாம் அவன் சொன்னது. நாளைக்குத்தான் முதல்முறையாக இரண்டும் வேறாகப் போகிறது. அவளோடு சேர்ந்து அவன் வைத்திருந்த ஒரே ரகசியம் அது. அதைக் கொடுத்துவிட்டான். பதிலுக்கு அத்தைக்கு ஒரு காலை கிடைக்கும்.

ஞாயிறு. புல் வெள்ளையாக உறைந்திருந்தது. கூட்டம் பூங்கா வாசல் வரை நின்றது. எல்லாருடைய வாயிலிருந்தும் புகை. டீக்கடைக்காரர் கேத்தலோடு வந்திருந்தார். அவனைப் பார்த்ததும் கிண்டல் செய்யவில்லை, ஒரு டீயை நீட்டினார். கயிறு வளையிலிருந்து நன்றாகத் தள்ளி இருந்தது. நடுவில் வெறும் தரை. வளையின் வாயருகே அத்தை மட்டும். புது சால்வை. பலகையின் கயிற்றைப் பிடித்திருந்தார். கல்லூரி ஆசிரியை ஒரு ஓரத்தில் செல்ஃபோனை உயர்த்திப் பிடித்திருந்தார்.

"பலகையைத் தூக்கிட்டு இந்தப் பக்கம் வந்துடுங்கம்மா," என்று தொப்பி சொல்லியிருந்தார். அத்தையும் தலையாட்டியிருந்தார்.

மேனேஜர் கையை உயர்த்தினார். கூட்டம் சொன்னது. குழந்தைகள் முதலில், ஆண்கள் கூச்சத்தோடு பின்னால், பிறகு எல்லாரும் ஒன்றாக. அது முன்னாடி பார்த்துத்தான் வரும், கவலைப்படாதீங்க. அவன் உதட்டை இறுக மூடிக்கொண்டான். மூடிய வாய்க்குள்ளும் அதுவே ஓடியது.

அத்தை பலகையைத் தூக்கினார். கொக்கியில் மாட்டினார். ஆனால் கயிற்றுக்கு இந்தப் பக்கம் வராமல், முழங்காலை மடித்து, வளையின் வாய்க்கு நேராக உட்கார்ந்தார். குனிந்து இருட்டுக்குள் பார்த்தார். கையையும் நீட்டினார். முகத்தைப் பார்க்க வேண்டும் அவருக்கு. மகள் அனுப்பிவைக்கும் முகம். முதல் ஆளாக, கிட்டேயிருந்து.

"அத்தை, எழுந்து வாங்க," என்று அவன் சொன்னான். குரல் கூட்டத்தைத் தாண்டவில்லை.

உள்ளே சலசலவென்று சத்தம். உலர்ந்த குச்சிகளை யாரோ உலுக்குவது போல. பிறகு முள் வந்தது. முள்ளுக்குப் பின்னால் இன்னும் முள். பெரியவர் முழுதாகச் சிலிர்த்துக்கொண்டு பின்பக்கமாக, வேகமாக, நீட்டிய கையின் மேலேயே வந்தார்.

தொப்பி ஓடிப் போய் அத்தையை இழுத்தார். கூட்டம் கயிற்றை முட்டிக்கொண்டு எட்டிப் பார்த்தது. பிறகு பேச ஆரம்பித்தது.

"பெத்தவளையே குத்திடுச்சே."

"கோவம். ஏதோ மனத்தாங்கல் இருந்திருக்கு."

"அவ முகத்தைக் காட்ட மாட்டேங்கறா, பாரு."

கல்லூரி ஆசிரியை செல்ஃபோனைக் கீழே இறக்கினார். அவன் அவர் முகத்தைப் பார்த்தான். ஒரு கதை பிறப்பதை நேரில் பார்த்தவரின் முகம். அதில் சந்தோஷம் இல்லை.

தீனி அறையில் அத்தையை முக்காலியில் உட்கார வைத்தார்கள். அவள் வேலை செய்த அறை. மூலையில் கிழங்குக் கூடை, மேசையில் தராசு, சுவரில் குழாய். தொப்பி குறடு கொண்டுவந்து புறங்கையில் நின்ற முள்களை ஒவ்வொன்றாகப் பிடுங்கினார். அத்தை முகம் சுளிக்கவில்லை. கை தன்னுடையது இல்லை என்பது போல வைத்திருந்தார். வெளியே மேனேஜர் மைக்கில் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். குழந்தைகள் இன்னும் அந்த வாக்கியத்தை விளையாட்டாகக் கத்திக்கொண்டிருந்தன.

"முன்னாடி பார்த்து வரும்னு சொன்னாளே மாப்பிள்ளை."

அவன் குழாயைத் திறந்து கைக்குட்டையை நனைத்தான்.

"ஊரே சேர்ந்து சொல்லுச்சு. அப்பவும் திரும்பிக்கிச்சு. என் மேல என்ன கோவம் அவளுக்கு? அந்த வெள்ளிக்கிழமை நான் ஆஸ்பத்திரிக்கு வரல. யூனிஃபார்ம் குடுக்க வேண்டியிருந்துச்சு. ஒரு நாள்தானே, நாளைக்குப் போய்க்கலாம்னு இருந்துட்டேன். அதுவா? அதை மனசுல வச்சுக்கிட்டா போனா?"

"அதெல்லாம் இல்ல அத்தை. நீங்க கிட்டப் போய் உக்காந்தீங்க. கிட்ட ஆள் இருந்தா அது திரும்பிக்கும். யாரா இருந்தாலும்."

"என்னைக் கண்டு அதுக்குப் பயமா?"

"பயந்தான்."

"அவ அனுப்பினது என்னைக் கண்டு பயப்படுமா?"

தொப்பி குறடோடு நிமிர்ந்து அவனைப் பார்த்தார். இதற்கு மேல் எதுவும் சொல்லாமல் வீட்டுக்குக் கூட்டிப்போய்விடலாம். அத்தை மிச்ச நாளெல்லாம் அந்த வெள்ளிக்கிழமையைத் தைத்துக்கொண்டிருப்பார், பிரிப்பார், மறுபடி தைப்பார்.

"அவ அதை அனுப்பல," என்றான். "அந்த வார்த்தையை அவ கடைசியில சொல்லல. வியாழக்கிழமை சொன்னா. எங்கிட்ட இல்ல, உங்ககிட்ட. கயித்தைத் தள்ளிக் கட்டச் சொல்லித் தொப்பிக்கு ஃபோன் பண்ணிட்டேன்னும் சொன்னா. அது வேலை விஷயம் அத்தை. வேற ஒண்ணும் இல்ல."

"ஆமாம்மா," என்றார் தொப்பி மெதுவாக. "எனக்கு ஃபோன் பண்ணினாங்க."

அத்தை புறங்கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். சின்னச் சின்னதாக ரத்தம் முளைத்திருந்தது. நினைவில் எதையோ பின்னோக்கிப் பிரிப்பவர் போல உதடு அசைந்தது. கயிறு என்ற சொல் எங்கோ தட்டுப்பட்டிருக்க வேண்டும். கண்ணை மூடிக்கொண்டார். ஒரு வருஷமாக அவரை நிமிர்த்தி உட்கார வைத்திருந்தது எது என்பது இப்போது பார்த்தால் தெரிந்தது, ஏனென்றால் அது இல்லாமல் அவர் முக்காலியில் சுருங்கிவிட்டிருந்தார்.

"அப்ப கடைசியா ஒண்ணுமே சொல்லலையா?"

"சொன்னா."

"உங்ககிட்டயா?"

"எங்கிட்ட."

"என்னைப் பத்தியா?"

"இல்ல அத்தை."

"உங்களைப் பத்தியா?"

"இல்ல."

தொப்பி குறடை மேசையில் வைத்துவிட்டு வெளியே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

"எதைப் பத்தியா இருந்தாலும் பரவாயில்ல," என்றார் அத்தை. "அவ சொன்ன மாதிரியே சொல்லுங்க. ஒண்ணும் சேர்க்காதீங்க."

அவன் வாயைத் திறந்தான். மற்ற வாக்கியம் முதலில் வந்து நின்றது, இருமலோடு. அது போகட்டும் என்று மூச்சை அடக்கிக் காத்திருந்தான். போவதற்கு நேரம் பிடித்தது. பிறகு, பெற்றவள் முன்னால் அவள் ஒருநாளும் பேசாத குரலில், அவள் சொன்னதைச் சொன்னான்.

"டேய், ஒரு கால் சாக்ஸ் கழண்டு எங்கேயோ கிடக்கு, குளிருது, தேடி மாட்டி விடு."